காவல் நின்ற தலைவர் – யப்பானிய உதைபந்தாட்ட வீரர் ஹிரோக்கி சக்காய்

உதைபந்தாட்டத்தில் ஓர் அணிக்குப் பதினொருவர். கோல் அடித்தவரின் பெயர் மறுநாட் பத்திரிகையில் வருகின்றது. கோல் காப்பாளர் பாய்ந்து பந்தைப் பிடித்தால் அவரது படமும் வருகின்றது. பந்து அக்காப்பாளர் வரை வராமலே மறித்தவருக்குப் பெயருமில்லை, படமுமில்லை. நடக்காமற்போன ஒன்றை எவ்வாறு படம் பிடிப்பது? அவ்வாறு நடக்காமற் செய்வதையே தொழிலாகக் கொண்டவர்கள் பின்காவலர்கள். அவர்களுள் ஒருவரான ஹிரோக்கி சக்காய் என்னும் யப்பானியரைப் பற்றி இம்மலரில் எழுத முற்பட்டுள்ளோம்.

தமிழ்ப் பாடசாலையின் ஆண்டு மலரில் யப்பானிய வீரருக்கு என்ன இடம் என்று பெற்றோர் சிலர் கேட்கக்கூடும். காரணம் எமது மாணவர்களே. 2024ஆம் ஆண்டின் இறுதியில் இந்நகருக்கென ஒரு புதிய தொழில்முறைக் கழகம், ஓக்லாந்து எஃப்.சி. என்ற பெயரில், ஏ-லீக் போட்டிகளில் ஆடத் தொடங்கியது. அதன் பின்னர் நீலமும் கறுப்புமான மேற்சட்டையுடன் சனிக்கிழமை வகுப்புக்கு வரும் பிள்ளைகளின் தொகை பெருகிற்று. "எனக்குப் பிடித்த விளையாட்டு வீரர்" என்ற தலைப்பிற் கட்டுரை எழுதச் சொன்ன ஒரு நாளில், மாணவர் ஒருவர் எழுதுவதை நிறுத்திவிட்டு எம்மிடம் கேட்டார்: "சேர், கோல் அடிக்காத ஆளை ஏன் கப்டனாப் போட்டவை?"

நல்ல வினா. அதே மாதத்தில் தாயார் ஒருவரும் எம்மிடம் முறையிட்டார். தம் மகனை ஒரு சிறுவர் அணியில் எப்போதும் பின்னுக்கே நிறுத்துகின்றார்கள் என்றும், நிறம் பார்த்துத்தான் அப்படிச் செய்கின்றார்களோ என்று தமக்கு ஐயமாயிருக்கின்றது என்றும் சொன்னார். அகதியாகவும் குடியேறியாகவும் வாழ்ந்தவருக்கு அத்தகைய ஐயம் எழுவதில் வியப்பில்லை. அதற்கு ஆதாரம் வாழ்க்கையில் நாம் எல்லோரும் கண்டிருக்கின்றோம். அந்தப் பயிற்றுநரின் மனத்தை நாம் அறியோம். ஆனால், பின்னால் நிறுத்தப்படுவது இழிவு என்ற எண்ணம் எங்கிருந்து வந்தது என்பதை மட்டும் அறிவோம். எம் ஊரிலிருந்து நாமே கொண்டுவந்தது அது. யாழ்ப்பாணத்துப் பாடசாலை மைதானங்களில் ஓட்டமும் உதையும் உள்ளவன் முன்னுக்கு, மற்றவன் பின்னுக்கு. குருநகர், பாசையூர் போன்ற உதைபந்தாட்ட ஊர்களில் விளையாட்டை நன்கறிந்தவர்கள் அப்படிக் கருதியதில்லை. ஆனால் பெற்றோர் பலருக்கு வீட்டு வாசலிற் கேட்பதற்கு ஒரே கேள்விதான் இருந்தது: "எத்தனை கோல் அடிச்சனீ?"

முதலில், பின்காவலரின் வேலை யாதெனப் பார்ப்போம்.

கிளித்தட்டு ஆடியவர்களுக்கு இதனை விளக்குவது எளிது. கோட்டின்மேற் கால் வைத்து மறித்து நிற்பவர் எதிரியைப் பிடித்தே ஆகவேண்டும் என்பதில்லை. அவனைக் கடக்கவிடாமல் வைத்திருந்தாலே போதும். அவசரப்பட்டு ஒருபக்கம் பாய்ந்தால் மறுபக்கத்தால் அவன் போய்விடுவான். உதைபந்தாட்டத்திலும் அதே நியாயந்தான். இக்காலத்தில் பெரும்பாலான அணிகள் பின்வரிசையில் நால்வரை நிறுத்துகின்றன. இருவர் நடுவில், ஒருவர் இடப்புறம், ஒருவர் வலப்புறம். சக்காய் வலப்புறத்தவர். எதிரணியின் இடது ஓர ஆட்டக்காரர், பெரும்பாலும் அவ்வணியின் மிக விரைவான ஆள், இவருடைய பொறுப்பு.

அந்த விரைவான ஆள் பந்துடன் வரும்போது சிறுவர்கள் செய்வது காலை நீட்டிப் பாய்வது. தேர்ந்தவர் அவ்வாறு செய்யார். சற்றுப் பக்கவாட்டாகத் திரும்பி, முழங்காலைத் தளர்த்தி, பின்னோக்கி அடிவைத்தபடி, வருபவரை ஓரக்கோட்டை நோக்கிச் செலுத்துவார். தோட்டத்தில் தண்ணீர் மாறியவர்களுக்கு இது விளங்கும். வாய்க்காலில் வரும் நீரை எதிர்த்து நின்று எவரும் நிறுத்துவதில்லை. ஒரு மண்வெட்டி மண்ணை இப்பக்கம் போட்டால் அது தானாகவே அப்பக்கம் திரும்புகின்றது. ஓரத்துக்குத் தள்ளப்பட்டவருக்குக் கோல் கம்பங்கள் தூரமாகும், உதைக்கும் கோணம் சுருங்கும், இதற்கிடையில் மற்றைய காவலர்கள் வந்து சேர்வர். மூன்று செக்கன் தாமதம் பெரிய வெற்றி. கணக்கில் அது எங்கும் பதியப்படுவதில்லை.

இரண்டாவது வேலை வரிசை காத்தல். பந்து உதைக்கப்படும் கணத்தில், எதிரணியின் பாதி மைதானத்தில் நிற்கும் தாக்குபவர் ஒருவர், பந்தையும் எதிரணியின் கடைசிக்கு முந்திய ஆளையும் தாண்டிக் கோல் கோட்டுக்கு அண்மையில் நின்று, அந்த ஆட்டத்தில் ஈடுபட்டால், அது ஓஃப்சைட் குற்றமாகும். கடைசி ஆள் வழமையாகக் கோல் காப்பாளர். ஆகவே பின்வரிசையே அந்த எல்லையைத் தீர்மானிக்கின்றது. நால்வரும் ஒருமித்து முன்னேறினால் எல்லையும் முன்னேறும். ஒருவர் மட்டும் ஒரு முழம் பின்தங்கினாலும் எல்லை அவரிடத்தில் இறங்கிவிடும். மற்ற மூவரின் உழைப்பும் வீண். நான்கு பேர் ஒருவரையொருவர் பாராமலே ஒத்து அசைவதற்கு ஆண்டுகள் தேவை.

மூன்றாவது, ஓட்டம். இக்கால வலது காவலர் தம் கோல் அருகே மட்டும் நின்றால் போதாது. தம் அணி தாக்கும்போது ஓரத்தால் எதிரியின் எல்லைவரை ஓடி, நடுவே பந்தைத் தூக்கிக் கொடுத்து, பந்து பறிபோனால் நூறு யார் திரும்பி ஓடிவர வேண்டும். தொண்ணூறு நிமிடமும் இதே வேலை.

சக்காய் 1990 ஏப்ரில் 12ஆந் திகதி யப்பானின் மலைநாடான நகானோவிற் பிறந்து, டோக்கியோவுக்கு அண்மையிலுள்ள சிபா மாகாணத்தின் கஷிவா நகரில் வளர்ந்தார். அவருக்கு மூன்று வயதாயிருந்தபோதுதான், 1993 மே மாதத்தில், யப்பானில் தொழில்முறை லீக் ஆரம்பமாயிற்று. அதற்கு முன்னர் அங்கு பெரிய அணிகள் யாவும் தொழிற்சாலை அணிகள். பகலில் கந்தோரிலும் பட்டறையிலும் வேலை, மாலையில் பந்து. கஷிவா ரெய்சோல் கழகமும் ஹிட்டாச்சி நிறுவனத்தின் அணியாக 1940இல் பிறந்ததே. ஹிட்டாச்சி என்ற சொல்லை எழுதும் எழுத்துகளில் ஞாயிறு எழுவதன் பொருள் உண்டு. அதனாற்றான் கழகத்தின் பெயரிலும் ஸ்பானிய மொழியில் அரசனும் சூரியனும் சேர்ந்திருக்கின்றன. யப்பானியர் உலகக் கிண்ணப் போட்டியில் முதன்முதல் ஆடியது 1998இல். அதாவது, எட்டு வயதுச் சிறுவனாகச் சக்காய் பந்து உதைத்துக்கொண்டிருந்தபோது, அந்நாட்டின் உதைபந்தாட்டமும் ஏறத்தாழச் சிறுபிள்ளைதான்.

அவர் கஷிவாக் கழகத்தின் இளையோர் பிரிவில் வளர்ந்து, முதல் அணிக்கு உயர்ந்தார். 2009இல், பத்தொன்பது வயதில், பிரேசிலின் மோகி மிரிம் கழகத்துக்கு இரவலாக அனுப்பப்பட்டார். இரவல் என்பது இத்துறையில் இகழ்ச்சியன்று. இளைஞர்கள் பட்டறிவு பெறும் வழி. அவருக்கு அது முதலாவது அந்நிய நாடு.

அப்பொழுது கஷிவா வீழ்ச்சியில் இருந்தது. 2009இன் முடிவில் இரண்டாம் பிரிவுக்கு இறக்கப்பட்டது. 2010இல் இரண்டாம் பிரிவில் முதலிடம். மறு ஆண்டு மார்ச்சு 11ஆந் திகதி வடகிழக்கு யப்பானைப் பெரும் பூகம்பமும் கடற்கோளும் அழித்தன; லீக் ஏப்ரில் பிற்பகுதிவரை நிறுத்தப்பட்டது. கடற்கோள் என்றால் என்னவென்பதை 2004 மார்கழிக்குப் பின் எமக்கு எவரும் விளக்கத் தேவையில்லை. அந்தத் துயரமான 2011ஆம் ஆண்டின் முடிவில் முதற் பிரிவின் சாம்பியன் கஷிவா. இரண்டாம் பிரிவிலிருந்து ஏறிவந்த முதல் ஆண்டிலேயே எந்த யப்பானியக் கழகமும் அதற்கு முன் அப்படி வென்றதில்லை. அவ்வாண்டின் சிறந்த இளம் வீரர் விருது சக்காய்க்குக் கிடைத்தது. விருதுப் பட்டியல்களில் முன்னணி ஆட்டக்காரர் பெயர்களே நிறைந்திருக்கும் துறையில் ஒரு பின்காவலருக்கு அது கிடைத்ததைக் கவனிக்க வேண்டும்.

இங்கே எமது நகரம் கதையினுள் வருகின்றது. சாம்பியன் என்ற வகையில் கஷிவா அவ்வாண்டின் உலகக் கழகக் கிண்ணப் போட்டியிற் பங்குபற்றியது. 2011 டிசம்பர் 8ஆந் திகதி டொயோட்டா நகரில் நடந்த முதல் ஆட்டத்தில் அதன் எதிரணி ஓக்லாந்து சிட்டி. இக்கழகத்தை இன்றைய ஓக்லாந்து எஃப்.சி.யுடன் மயங்கலாகாது. சண்ட்ரிங்ஹாமில், எம்மவர் கடைகள் நிறைந்த பகுதியில், கிவிட்டியா வீதியில் அதன் மைதானம். ஆடுபவர்களிற் பலர் பகலில் வேறு தொழில் பார்ப்பவர்கள். கஷிவா இரண்டு கோல்களால் வென்றது. அரையிறுதி ஆட்டம் பிரேசிலின் சாந்தோஸ் கழகத்துடன். அவ்வணியின் இடப்பக்கத்தால் வந்தவர் நெய்மார் என்ற இளைஞர். நெய்மார் ஒரு கோல் அடித்தார். சாந்தோஸ் மூன்றுக்கு ஒன்று என வென்றது. கஷிவாவின் அந்த ஒரே கோலை அடித்தவர் யாரென்றால், வலது காவலர் சக்காய்.

அந்த ஓக்லாந்து சிட்டி பின்னர் 2014இல் மொறோக்கோவில் நடந்த இதே போட்டியில் மூன்றாம் இடம் பெற்று உலகையே வியக்க வைத்தது. அவ்வணியிலும் ஒரு யப்பானியப் பின்காவலர் இருந்தார். பெயர் தக்குயா இவாத்தா. ஓக்லாந்துக்குக் காவல் நிற்க யப்பானியர் வருவது சக்காயுடன் தொடங்கியதன்று என்பதற்காகவே இதைச் சொல்கின்றோம்.

2012இல் சக்காய் ஜேர்மனியின் ஹனோவர் கழகத்திற் சேர்ந்தார். அவ்வாண்டு இலண்டன் ஒலிம்பிக்கிலும் ஆடினார். யப்பானுக்கு நான்காம் இடம். ஹனோவரில் நான்கு பருவங்கள். 2016இல் அக்கழகம் பட்டியலின் கடைசியில் முடிந்து இரண்டாம் பிரிவுக்கு இறங்கியது. அங்கிருந்து பிரான்சின் மார்செய் கழகத்துக்குச் சென்று ஐந்து பருவங்கள் ஆடினார். 2018இல் மார்செய் ஐரோப்பா லீக் இறுதியாட்டம் வரை சென்று அத்லெத்திக்கோ மாட்ரிட்டிடம் மூன்று கோல்களால் தோற்றது.

கூட்டிப் பார்த்தால், ஐரோப்பாவில் ஒன்பது பருவங்கள். ஒரு கிண்ணமும் இல்லை. பரிசுப் பட்டியலை மட்டும் பார்ப்பவர் அந்த ஒன்பது ஆண்டுகளையும் வெறுமை என்று எழுதிவிடுவார். எமது சமூகத்தில் பிள்ளைகளின் ஆண்டறிக்கையை அப்படித்தான் பார்க்கின்றோம். ஆனால் வாரந்தோறும் உலகின் தலைசிறந்த ஓர ஆட்டக்காரர்களுக்கு எதிரே நிற்க அவரைத் தெரிவு செய்தார்கள். பயிற்றுநர்கள் மாறினார்கள், வந்தவரெல்லாம் அவரையே நிறுத்தினார்கள். தேவைப்பட்டபோது வலதுகாற் காரரான அவரை இடப்பக்கத்திலும் ஆடவிட்டார்கள். சான்றிதழில் வராத மதிப்பு அது.

மார்செய் நகரில் ஓர் இரவு மட்டும் விதிவிலக்கு. 2018 ஏப்ரில் 12. அவரது இருபத்தெட்டாவது பிறந்த நாள். ஐரோப்பா லீக் காலிறுதியின் இரண்டாம் ஆட்டம். முதல் ஆட்டத்தில் ஜேர்மனியின் லைப்சிக் ஒரு கோலால் வென்றிருந்தது. அன்று மார்செய் நான்கு, லைப்சிக் இரண்டு. இரு ஆட்டங்களையும் கூட்டினால் நான்குக்கு மூன்று. அந்நாளைய விதிப்படி வெளியூர் மைதானத்தில் அடித்த கோல்களுக்குத் தனி மதிப்பு. லைப்சிக் இன்னும் ஒன்று அடித்தால் மார்செய் வெளியே. மேலதிக நிமிடங்கள் ஓடிக்கொண்டிருக்க, லைப்சிக் எல்லோரையும் முன்னே அனுப்பியது. கோல் காப்பாளரும் தம் இடத்தை விட்டு வந்துவிட்டார். பந்து பறிபட்டுச் சக்காயிடம் வந்தது. முன்னால் வெற்று மைதானம், வெற்றுக் கோல். ஓடிச்சென்று உதைத்தார். மார்செய் கழகத்துக்காக அவர் அடித்த முதலாவது கோல் அது. எதிரியின் காவல் இடத்தில் ஆளில்லாதபோது என்ன நடக்கும் என்பதை ஒரு காவலரே காட்டிக்கொடுத்தார் என்று நாம் வகுப்பிற் சொல்வதுண்டு.

நாட்டுக்காக அவர் எழுபதுக்கும் மேற்பட்ட ஆட்டங்களில் ஆடினார். மூன்று உலகக் கிண்ண அணிகளில் இருந்தார். 2014இல் பிரேசிலுக்குச் சென்றும் ஒரு நிமிடமும் ஆடக் கிடைக்கவில்லை. 2018 யூலை 2ஆந் திகதி, இரசியாவின் ரொஸ்தொவ் நகரில், பெல்ஜியத்துக்கு எதிரான ஆட்டத்தை யப்பானியர் மறக்கமாட்டார்கள். இடைவேளை கழிந்த சிறிது நேரத்துக்குள் யப்பான் இரண்டு கோல்கள் முன்னிலை. பின்னர் பெல்ஜியம் இரண்டையும் சமப்படுத்தியது. கடைசி நிமிடத்தில் யப்பானுக்கு ஒரு மூலை உதை. வெல்லும் ஆசையில் பலர் முன்னே சென்றனர். பெல்ஜியக் காப்பாளர் பந்தைப் பிடித்து உடனே உருட்டிவிட, மைதானத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் பந்து சென்று கோலாயிற்று. யப்பானியத் தொலைக்காட்சி பின்னர் அந்தப் பதினான்கு செக்கன்களை மட்டும் ஆராய்ந்து ஒரு முழு நிகழ்ச்சியே தயாரித்தது. யார் எங்கே நின்றார், எந்த அடியில் முடிவு பிறந்தது என்று அங்குலம் அங்குலமாகப் பார்த்தார்கள். தோல்வியை இவ்வளவு பொறுமையோடு படிக்கும் ஒரு நாட்டைப் பற்றி எமக்குப் பொறாமை உண்டு. அன்று அவ்வணியினர் உடைமாற்றும் அறையைத் துப்புரவாக்கி, இரசிய மொழியில் "நன்றி" என்று எழுதி வைத்துவிட்டுப் புறப்பட்டார்கள்.

2022இல் கட்டாரில் ஜேர்மனியை இரண்டுக்கு ஒன்றென யப்பான் வென்ற ஆட்டத்திலும் சக்காய் வலப்புறம் நின்றார். முழுநேரமும் நிற்கமுடியாமல் காயத்துடன் வெளியேறினார்.

நியூசிலாந்துப் பிள்ளைகளுக்கு மிகவும் பிடிக்கக்கூடிய பகுதி டோக்கியோ ஒலிம்பிக். கொரோனாவினால் ஓராண்டு பிற்போடப்பட்டு 2021இல் நடந்தது. இப்போட்டி இளையோருக்கானது, வயதில் மூத்த மூவரை மட்டும் சேர்க்கலாம். அம்மூவரில் ஒருவர் சக்காய். பிரான்சை நான்கு கோல்களால் வென்ற ஆட்டத்தில் ஒரு கோல் அவருடையது. அதே ஆட்டத்தில் மத்தியஸ்தர் அவருக்கு மஞ்சள் அட்டை காட்டினார். வெவ்வேறு ஆட்டங்களில் இரண்டு மஞ்சள் அட்டை பெற்றவர் அடுத்த ஆட்டத்தில் இறங்கமுடியாது. அடுத்த ஆட்டம் யூலை 31ஆந் திகதி, காலிறுதி. எதிரணி நியூசிலாந்து!

அவர் வெளியே இருக்க, அந்த ஆட்டம் நூற்றிருபது நிமிடம் கோலின்றி நடந்தது. தண்டனை உதைகளில் நான்குக்கு இரண்டென யப்பான் தப்பியது. சொந்த மண்ணில் ஆடிய யப்பானை இரண்டு மணிநேரம் ஒரு கோலும் அடிக்கவிடாமல் நிறுத்திய நியூசிலாந்துப் பின்காவலர்களின் பெயர்களை எமது மாணவர்களிடம் கேட்டோம். ஒருவருக்கும் தெரியவில்லை. அந்த ஒலிம்பிக் அணியில் இருந்த நான்டோ பைனாக்கர் என்ற நடுக் காவலர் பின்னர் ஓக்லாந்து எஃப்.சி.யின் முதற் பருவத்தில் சக்காயின் அருகே நின்று ஆடினார் என்றதும் வகுப்பில் ஆரவாரம் எழுந்தது. யப்பான் அவ்வொலிம்பிக்கிலும் நான்காம் இடமே பெற்றது.

2021இல் நாடு திரும்பிய சக்காய், டோக்கியோவின் வடக்கே சயித்தாமாவிலுள்ள ஊராவா ரெட் டயமண்ட்ஸ் கழகத்திற் சேர்ந்தார். அவ்வாண்டே பேரரசர் கிண்ணம். பின்னர் அணித்தலைவர் பதவி. 2022ஆம் ஆண்டுக்குரிய ஆசியச் சாம்பியன்ஸ் லீக்கின் இறுதி 2023இல் நடந்தது. சவூதியின் அல் ஹிலாலுடன் றியாத்தில் ஒன்றுக்கு ஒன்று. மே 6ஆந் திகதி சயித்தாமாவில் ஊராவாவுக்கு ஒரு கோல் வெற்றி. ஆசியக் கிண்ணத்தை உயர்த்தியவர் முப்பத்துமூன்று வயதுப் பின்காவலர். வெல்ல வைத்த கோல்கூட எதிரணியினர் ஒருவர்மீது பட்டுத் தம் வலைக்குள்ளேயே சென்றதுதான். கோல் அடித்த வீரனென்று கொண்டாட ஒருவருமில்லாத வெற்றி. மறித்து நின்றவர்களின் வெற்றி என்றே நாம் சொல்வோம்.

அடுத்த ஆண்டு அவர் ஓக்லாந்துக்கு வந்தார். இன்னும் ஓர் ஆட்டமும் ஆடியிராத கழகம் அவரைத் தனது முதல் தலைவராக அறிவித்தது.

முப்பத்துநான்கு வயதில், கைத்தொழில் ஒன்றை மட்டும் நம்பி, ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொள்ளாத ஒருவர் இந்நாட்டில் வந்திறங்குவது எம்மிற் பலருக்குத் தெரிந்த கதை. ஆனாலும் ஒரு வேறுபாட்டை மறக்கலாகாது. அவரை அழைத்தார்கள், விரும்பி வந்தார், விரும்பினால் திரும்பலாம். அகதிக்கு இம்மூன்றும் இல்லை. எனவே அவரோடு எம்மை ஒப்பிட்டு நாம் பெருமை தேடவில்லை. போர்த்துக்கேயம், டொச்சு, பிரெஞ்சு, ஆங்கிலம் என்று ஒவ்வொரு மொழி பேசும் நாட்டிலும் அவருடைய தொழில் மட்டும் மொழிபெயர்ப்பின்றி விளங்கியது என்பதையே கவனிக்கின்றோம்.

பென்ரோசிலுள்ள மவுண்ட் ஸ்மார்ட் அரங்கம் ஒரு காலத்தில் எரிமலைக் குன்று. மாஓரி மக்கள் அதனை ரரோட்டொங்கா என்றனர். குன்றைக் கல்லுக்காக வெட்டியெடுத்து, எஞ்சிய பள்ளத்தில் அரங்கம் அமைத்தார்கள். அங்கே 2024 ஒக்டோபர் 19ஆந் திகதி, 24,000க்கும் மேற்பட்டோர் முன்னிலையில், ஓக்லாந்து எஃப்.சி. தன் முதல் ஆட்டத்தில் பிரிஸ்பேன் ரோரை இரண்டு கோல்களால் வென்றது. அடுத்து சிட்னிக்கெதிராக ஒன்று, பின்னர் வெலிங்டனில் இரண்டு. மூன்று ஆட்டங்கள், மூன்று வெற்றிகள். மாணவர்கள் அடித்த கோல்களை எண்ணினார்கள். ஐந்து என்றார்கள். வாங்கிய கோல்கள் எத்தனை என்று கேட்டோம். ஒன்றுமில்லை! ஒருவரையொருவர் புதிதாக அறிந்த பதினொருவர் அமைத்த அணி அது. அத்தகைய அணியில் முன்னணியினர் தத்தம் திறமையால் தனித்தும் கோல் அடித்துவிடலாம். பின்வரிசை அப்படித் தனித்து இயங்க இயலாது. மேலே சொன்ன அந்த ஒத்த அசைவை யாராவது கற்றுக்கொடுக்க வேண்டும், ஆட்டம் நடக்கும்போதே கையாலும் குரலாலும் திருத்த வேண்டும். மைதானம் முழுவதும் தம் முன்னே தெரியும்படி நிற்பவர்கள் பின்காவலர்கள். முன்னணி வீரர் பெரும்பாலும் எதிரியின் கோலையே பார்த்து நிற்கின்றார். எங்கள் மாணவரின் வினாவுக்கு விடை இங்கேயே இருக்கின்றது. அணித்தலைவராக ஒரு பின்காவலர் இருப்பதில் விந்தை எதுவுமில்லை.

2024-25 பருவத்தின் 26 ஆட்டங்களும் முடிந்தபோது ஓக்லாந்து 53 புள்ளிகளுடன் முதலிடம். தோல்வி மூன்றே. முதலிடத்துக்குரிய பிரீமியர்ஸ் பிளேட் என்னும் தட்டத்தை அதுவரை எந்த நியூசிலாந்துக் கழகமும் பெற்றதில்லை. ஏ-லீக்கிற் புதிதாகச் சேர்ந்த ஆண்டிலேயே அதைப் பெற்ற கழகம் அதற்கு முன் ஒன்றுதான், 2012-13இல் மேற்குச் சிட்னி. சக்காயின் வாழ்வில் இது இரண்டாந் தடவை: 2011இல் கீழிருந்து ஏறிய கஷிவா, 2025இல் புதிதாய்ப் பிறந்த ஓக்லாந்து.

ஆனால் ஏ-லீக்கில் முதலிடமும் சாம்பியன் பட்டமும் வேறுவேறு. பட்டத்துக்கு இறுதிச் சுற்றிலும் வெல்ல வேண்டும். அரையிறுதியின் முதல் ஆட்டத்தில் மெல்பேர்ணில் விக்டரி கழகத்தை ஒரு கோலால் வென்று வந்த ஓக்லாந்து, 2025 மே 24ஆந் திகதி மவுண்ட் ஸ்மார்ட்டில் ஏறத்தாழ முப்பதாயிரம் பேர் பார்த்திருக்க இரண்டு கோல்களால் தோற்றது. பருவம் முழுவதும் காத்த கதவு ஒரு மாலையில் இருமுறை திறந்தது. அடுத்த சனிக்கிழமை நீலச் சட்டைகள் மௌனமாக வகுப்புக்கு வந்தன. ஒரு சிறுமி மட்டும், தட்டம் எங்களுடையதுதானே என்று கேட்டாள். ஆம், அதை எவரும் திருப்பி வாங்கவில்லை.

அந்தத் தாயாரின் மகன் தொடர்ந்து பின்காவலராகவே ஆடுகின்றார். தொலைக்காட்சியில் ஆட்டம் நடக்கும்போது தாயாரும் அருகில் அமர்ந்து, "இவர் ஏன் ஓடிப்போய்ப் பந்தைப் பறிக்காமல் பின்னுக்குப் போறார்?" என்று கேட்கின்றாராம். மகன் விளக்குகின்றாராம், தமிழில். ஓஃப்சைட் விதியைத் தமிழில் விளக்குவது இலேசன்று, முயன்று பாருங்கள்.

மாணவர்களுக்கு ஒரு வீட்டுவேலை. அடுத்த தடவை மவுண்ட் ஸ்மார்ட்டுக்கோ, உங்கள் தம்பி தங்கையர் ஆடும் பூங்காவுக்கோ செல்லும்போது, பத்து நிமிடத்துக்குப் பந்தைப் பார்க்காதீர்கள். வலது காவலரை மட்டும் பாருங்கள். பந்து அவரிடம் இல்லாதபோது எத்தனை தடவை தலையைத் திருப்பிப் பின்னால் பார்க்கின்றார், எத்தனை தடவை கையைக் காட்டுகின்றார் என்று எண்ணி, கொப்பியில் எழுதி வாருங்கள். சனிக்கிழமை கேட்போம்.